உருவம் ஒன்று, உடம்பு வேறு

விளையாட்டுக் கார்களே பந்தயம் ஓடும் வீடியோ விளையாட்டு ஒன்று 1999 ஆம் ஆண்டில் வெளியாயிற்று. ‘ரீ-வோல்ற்’ என்பது அதன் பெயர். அக்கிளெயிம் என்னும் அமெரிக்கக் கம்பனியின் லண்டன் கிளை அதனை ஆக்கிற்று. தொலைவிலிருந்து இயக்கும் சின்னஞ்சிறு கார்கள் பல்பொருள் அங்காடியிலும் நூதனசாலையிலும் கப்பலிலும் சீறிப் பாயும். பறக்கும் தட்டு ஒன்றையும் ஆக்கியோர் அதில் ஒளித்து வைத்திருந்தனர்; விந்தைக்கு வித்திட்டவர் அவர்களே எனலாம்.

2004 இல் கம்பனி முறிந்தது. விளையாட்டோ நிலைத்தது. காரணம் யாது? ஒவ்வொரு காருக்கும் ஒரு கோப்புறை. காரின் நிறை, ஈர்ப்பு மையம், சக்கரங்களின் பிடிப்பு, வில்லின் விறைப்பு யாவும் அதனுள் சாதாரண எழுத்துக் கோப்பொன்றில் எண்களாகக் கிடந்தன. எவரும் திறந்து திருத்தலாம். ரசிகர்கள் திருத்தினர், புதிய வண்டிகளையும் தாமே செய்து சேர்த்தனர். ‘மொட்’ என்பது இத்தகைய ஆக்கங்களுக்கு வழங்கும் பெயர்.

தேநீர்க் கேத்தலை ஓட்ட விரும்பும் ஒருவரை எடுத்துக்கொள்வோம். உருவை வரைந்து நான்கு சக்கரங்களைப் பூட்டிவிட்டார். முதல் வளைவிலேயே கேத்தல் கவிழ்கிறது, உயரம் மிகுதியன்றோ! ஈர்ப்பு மையத்தைத் தாழ்த்துகிறார். வேண்டுமாயின் அதனைத் தரைக்குக் கீழும் வைக்கலாம். இயற்கை இணங்காத இடத்திலும் எண் இணங்கும். இப்பொழுது கேத்தல் நிமிர்ந்து ஓடுகிறது. ஆனால் அதன் மூக்கோ சுவரை ஊடுருவிச் செல்கிறது! கண்ணுக்குத் தெரியும் உருவம் ஒரு கோப்பில்; மோதலைத் தாங்கும் உடம்பு வேறொரு கோப்பில். மூக்கிற்கும் உடம்பு செய்தாலன்றிச் சுவர் அதனை அறியாது.

இத்தகைய விளையாட்டு நேரத்தை விழுங்கும் என்போர் கூற்றை நாம் முற்றாக மறுக்கவில்லை. பரீட்சைக் காலத்தில் நாமும் அவர் பக்கமே. ஆயினும் வகுப்பில் ஈர்ப்பு மையம் என்றதும் கொட்டாவி விடும் மாணவன், கேத்தல் கவிழாதிருக்க அதனைத் தானே தேடிச் செல்வானாயின் அதனை வீண்பொழுது என நாம் சொல்லமாட்டோம்.

பிறர் செய்த சக்கரத்தையோ உருவையோ எடுத்தாள்பவர், அன்னாரின் பெயரை வண்டியுடன் செல்லும் குறிப்பில் எழுதிவைப்பது இவர்களிடை வழக்கம். எழுதாது விடுவோரும் உளர், அது களவே.

பின்னர் ரசிகர்கள் நிரலையே புதுக்கி ‘ஆர்.வி.ஜி.எல்.’ என்னும் பெயரில் வெளியிட்டனர். லினக்ஸ் கணினியிலும் அன்றொயிட் கைப்பேசியிலும் அது இயங்கும். இருபது ஆண்டுகளுக்கு முன் யாரோ ஒருவர் செய்த வண்டியையும் அதில் இன்று ஓட்டலாம்.