63 நாள் வேலை

அமெரிக்க இயக்குநர் டேவிட் லிஞ்ச் ‘தி கிராண்ட்மதர்’ குறும்படத்தை எடுத்து முடித்தபோது அவரை வெளியே யாருக்கும் தெரியாது. படம் 1970இல் வெளிவந்தது. ஓடும் நேரம் 34 நிமிடம். அமெரிக்கத் திரைப்படக் கழகம் தந்த சிறு நல்கையில் எடுத்த படம். ஒலி சேர்க்க ஃபிலடெல்ஃபியாவில், தொழில் நிறுவனங்களுக்குப் படம் எடுத்துத் தரும் ஒரு கூடத்துக்குப் போனார். அவர் நம்பிப் போன ஒலிப்பதிவாளருக்கு வேறு வேலை இருந்தது. தன் உதவியாளரைக் கைகாட்டிவிட்டார். ஒல்லி உடம்பு, சோடாபுட்டிக் கண்ணாடி, அதற்கு முன்பு கணக்கு எழுதும் உத்தியோகம். லிஞ்சுக்கு ஏமாற்றமாகத்தான் இருந்தது.

அந்த உதவியாளர்தான் ஆலன் ஸ்ப்ளெட்.

கூடத்தில் இருந்த எஃபெக்ட்ஸ் இசைத்தட்டுகளை இருவரும் போட்டுக் கேட்டார்கள். எதுவும் தேறவில்லை. எல்லாச் சத்தங்களையும் தாங்களே உண்டாக்குவது என்று முடிவு செய்தார்கள். பாட்டி விசில் அடிக்கும் காட்சிக்கு எதிரொலி வேண்டும். அதற்கான கருவி அங்கே இல்லை. ஸ்ப்ளெட் சூடான காற்று போகும் அலுமினியக் குழாய்த் துண்டு ஒன்றைக் கொண்டுவந்தார். ஒரு முனையில் ஸ்பீக்கர், மறுமுனையில் மைக். விசிலை உள்ளே அனுப்பிப் பதிவு செய்தார்கள், பதிவானதை மறுபடி உள்ளே அனுப்பினார்கள், திரும்பத் திரும்ப. ஒவ்வொரு முறையும் எதிரொலி கொஞ்சம் நீண்டது. இப்படி 63 நாள். அரைமணிப் படத்துக்கு இரண்டு மாதத்துக்கு மேல் ஒலிவேலை!

பலன் உடனே தெரிந்தது. படத்தைப் பார்த்த திரைப்படக் கழகத்தார் லிஞ்சைத் தங்கள் பயிற்சி மையத்தில் சேர்த்துக்கொண்டார்கள். ஸ்ப்ளெட்டை ஒலித்துறைக்குத் தலைவராக்கினார்கள். அங்கே லிஞ்ச் தொடங்கிய ‘இரேசர்ஹெட்’ 1977இல்தான் திரைக்கு வந்தது. பணம் தீர்ந்து படப்பிடிப்பு நிற்கும், மீண்டும் தொடங்கும். ஒரு காட்சிக்காகத் தண்ணீர்த் தொட்டியில் பாட்டிலை மிதக்கவிட்டு அதற்குள் மைக்கை வைத்தார்கள். படம் நெடுக ஆலை இரைச்சலும் காற்றும் அடியில் ஓடிக்கொண்டே இருக்கின்றன. அதை இசை என்பதா, சத்தம் என்பதா? அந்தக் கோட்டை அழித்ததுதான் ஸ்ப்ளெட்டின் சாதனை என்று இவ்விதழ் கருதுகிறது.

இதை இப்போது சொல்லக் காரணம் உண்டு. நம் சுயாதீனப் படங்களில் ஒலிக்காரரை எப்போது கூப்பிடுகிறோம்? எடிட்டிங் முடிந்து, கையிருப்பும் கரைந்த பிறகு, விழாவுக்கு அனுப்பக் கடைசி நாள் நெருங்கும்போது. ஆர்.ஆர். (பின்னணி இசை) போட்டு ஓட்டைகளை மூடிவிடலாம் என்று நினைப்பு. அவருக்குக் கொடுக்கும் சம்பளம் குறைவு. அதைவிடக் குறைவு, கொடுக்கும் நாட்கள்.

வேறு வழியும் இங்கே நடத்திக் காட்டப்பட்டிருக்கிறது. பி.எஸ். வினோத்ராஜின் ‘கொட்டுக்காளி’ (2024) பின்னணி இசையே இல்லாமல் நிற்கிறது. தொண்டை கட்டி, சுண்ணாம்பு தடவிய கழுத்தோடு கரகரக்கும் சூரியின் குரல்; ஏறக்குறைய வாயே திறக்காத அன்னா பென்; ஷேர் ஆட்டோவின் தடதடப்பு. அவள் மௌனத்தின் கனம் நமக்குக் கேட்கிறதென்றால், சுற்றிலுமுள்ள சத்தங்களை ஒவ்வொன்றாக அளந்து வைத்தவர்கள் இருக்கிறார்கள். அண்மை ஆண்டுகளின் தமிழ்ப் படங்களில் காதுக்கு இவ்வளவு மரியாதை கொடுத்த படம் அரிது.

ஸ்ப்ளெட் பிறகு ‘தி பிளாக் ஸ்டாலியன்’ (1979) படத்துக்காகக் குதிரையின் உடம்பிலேயே மைக்கைக் கட்டி மூச்சையும் குளம்படியையும் பிடித்தார். அதற்குச் சிறப்பு ஆஸ்கர் கிடைத்தது. வாங்க அவர் போகவில்லை. ‘புளூ வெல்வெட்’ வரை லிஞ்சுடன் சேர்ந்து உழைத்தார். பார்வை மங்கியவர், காது ஒன்றையே நம்பி வாழ்ந்தவர். 1994இல் காலமானார். அவரும், ஒலிப்பதிவாளரான மனைவி ஆன் குரோபரும் ஊர் ஊராகப் போய்ப் பதிவு செய்த காற்றும் மிருகங்களும் இயந்திரங்களும் ஒலிநாடாக்களில் மிஞ்சின. ஆன் குரோபர் அவற்றைக் காத்துவைத்தார். ஸ்ப்ளெட் பார்க்காத படங்களிலும் அவர் பிடித்த காற்று வீசுகிறது.