கிண்ணத்தில் வார்த்த உறவு

கோபே துறைமுகத்துச் சுமைகூலிகளைத் திரட்டி 1915-ல் தோன்றி, பின்னாளில் ஜப்பானிலேயே மிகப் பெரிய யாகூசா எனும் குற்றக் கூட்டமாக வளர்ந்த யாமகுச்சி குமியில் ஒருவன் சேரும் சடங்கு, ஏறக்குறைய ஒரு சுவீகாரத்தை ஒத்தது. தெய்வ மாடத்தின் முன்னிலையில் தலைவர் ஒரு வாய் அருந்திவிட்டு நீட்டும் அரிசி மதுவை மிச்சமின்றிக் குடித்து, அந்தச் சிறு கிண்ணத்தைக் காகிதத்தில் சுற்றி மார்பில் செருகிக்கொள்ளும் இளைஞனுக்கு, அந்தக் கணம் முதல் தலைவரே தந்தை; கூட்டமே குடும்பம்.

அந்தப் பிரமாணத்தின் உறுதியை வாரிசுச் சண்டைகள் வெளிப்படுத்தின. 35 ஆண்டுகள் தலைமை வகித்த கசுவோ தாவோகா 1981-ல் மாரடைப்பால் மாண்டு, அடுத்துப் பட்டத்துக்கு வரவேண்டியவரும் சில மாதங்களில் காலமாகிவிட, 1984-ல் மசாஹிசா தகெனாகா தலைமை ஏற்றபோது, சகோதரர்களில் ஒரு பெரும் பகுதியினர் அவரை ஏற்க மறுத்து, இச்சிவா காய் என்ற பெயரில் தனிக்கொடி பிடித்தனர். அடுத்த ஜனவரியில், ஒஸாகாவை அடுத்த சூயிட்டாவில், ஓர் அடுக்குமாடிக் கட்டடத்தின் லிஃப்ட் அருகே தகெனாகா சுடப்பட்டார். மறுநாள் உயிர் பிரிந்தது. அதைத் தொடர்ந்து 1989 வரை நீண்ட பழிவாங்கலில் ஏறத்தாழ 25 பேர் மாண்டனர்.

நூற்றாண்டு நிறைந்த 2015-ல் மறுபடியும் பிளவு. தலைமையகத்துக்குச் செலுத்தும் மாதக் கப்பம் தாங்கவில்லை, முக்கியப் பதவிகளெல்லாம் தலைவர் ஷினோபு சுகாசாவின் நகோயா ஆட்களுக்கே போகின்றன என்பவை பிரிந்தவர்களின் மனக்குறைகள். பிரிந்த அணியும் 2017-ல் பிளந்தது. மகன் மாதந்தோறும் தந்தைக்குக் கப்பம் கட்டியாக வேண்டிய வீட்டைக் குடும்பம் என்று எப்படி அழைப்பது? வருமானம் வற்றியதும் விசுவாசமும் வற்றிற்று என்பதே இச்சரித்திரத்தின் சாரம் என்று நான் திடமாக நம்புகிறேன்.

ஜப்பானிய அரசு அந்த வருமானத்தின் ஊற்றுக்கண்ணையே அடைக்கத் துணிந்தது விவேகமான காரியம். 1992-ல் நடைமுறைக்கு வந்த, கும்பல்களுக்கு எதிரான சட்டமும், 2011-க்குள் எல்லா மாகாணங்களும் இயற்றிய, வியாபாரிகள் கும்பலுக்குப் பணம் தருவதையே தடுக்கும் விதிகளும் சேர்ந்து அழுத்தின; 1963-ல் சுமார் 1,84,000 ஆக இருந்த யாகூசாக்களின் தொகை 2024 இறுதியில் 18,800 ஆகச் சுருங்கியது.

ஆயினும் கூட்டத்தை விட்டு வெளியேறியவனையும் ஐந்தாண்டுகள் வரை கும்பல் ஆளாகவே பாவிக்கும் ஒப்பந்த விதிகளால், வங்கிக் கணக்கும் வாடகை வீடும் கிட்டாமல் அவன் தவிக்கிறான். பொய்யான தந்தையை உதறிவிட்டு வந்தவனுக்குச் சம்பளம் வாங்க ஒரு கணக்கையும் தலைசாய்க்க ஓர் அறையையும் மறுக்கும் சமூகம், அவனை மீண்டும் அந்தக் கிண்ணத்தின் பக்கமே தள்ளுகிறது. அந்த விதியைத் தளர்த்துவதே எஞ்சியுள்ள கடமை.