ஆயா நக்கமுராவும் நம்ம தப்பும்

2024 ஜூலை 26, பாரிஸ் ஒலிம்பிக் தொடக்க விழா. குடியரசுக் காவல் படையின் வாத்தியக் குழுவோடு ஆயா நக்கமுரா பாடினார். மாலியில் பிறந்து பாரிஸ் புறநகரில் வளர்ந்தவர். 2018இல் ‘ஜாஜா’ பாட்டால் பல நாடுகளில் அறியப்பட்டவர். அவர் பாடக்கூடும் என்ற பேச்சு வந்தப்பவே தீவிர வலதுசாரிகள் கொதிச்சாங்க. காரணம், குடியேறிகளின் பிள்ளைகள் தெருவில் பேசுற பிரெஞ்சிலதான் அவர் பாடுறார். அதை அவர் மாத்திக்கல.

நமக்கு இது புதுசா? ‘தோட்டத்துத் தமிழ்’னு கேலி கேட்டுக் கேட்டு, பதுளையில் பஸ் ஏறிக் கொழும்பில் இறங்குறதுக்குள்ள பேச்சை மாத்திக்கிறவங்க நாம. ராப் எழுதினாலும் சென்னைத் தமிழ்தான் வருது. பெரட்டும் கொழுந்தும் லயமும் பாட்டுக்கு ஆகாதா?

தப்பும் அப்படித்தான். காமன் கூத்துக்கும் சாவு வீட்டுக்கும் தப்பு வேணும். அடிக்கிறவர் மட்டும் சாதி பார்த்துத் தள்ளி நிக்கணும். நாளைக்குப் பசறையிலயோ அப்புத்தளையிலயோ ஒருத்தர் தப்பை பீட்டாக்கிப் பாடினா கைதட்டுவோம். ஆனா தப்படிச்சவரோட பேரும் அந்தப் பாட்டில் இருக்கணும், காசும் அவருக்குப் போகணும். இல்லன்னா, ஆயாவைத் தடுக்க நினைச்சவங்களுக்கும் நமக்கும் என்ன வித்தியாசம்?