மனசு வெளியே தெரிந்தால் நல்லதா?

கொஞ்சம் நீளமான பதிவு. டீச்சர் வகுப்பு எடுக்கிறேன் என்று நினைத்துப் பொறுமையாகப் படியுங்கள்.

பிராண்டன் சாண்டர்சன் என்ற அமெரிக்க எழுத்தாளரின் நாவல்கள் என்றால் என் பேத்திக்கு உயிர். 2010 இல் வந்த 'தி வே ஆஃப் கிங்ஸ்' நாவலை என்னையும் படிக்க வைத்துவிட்டாள். அந்தக் கற்பனை உலகத்தில் மனிதர்களின் உணர்ச்சிகள் கண்ணுக்குத் தெரியும். பயந்தால் ஊதா நிறத்தில் ஏதோ குழைவாக நெளிந்து வரும். கோபப்பட்டால் காலடியில் ரத்தம் கொதிப்பது போலக் குமிழியிடும். பெருமிதம் வந்தால் பொன்னிற ஒளி உருண்டைகள் சுற்றி மிதக்கும். இவற்றுக்கு 'ஸ்ப்ரென்' என்று பெயர். "நம்ம உலகத்துலயும் இப்படி இருந்தா நல்லா இருக்கும்ல பாட்டி? யாரும் யாரையும் ஏமாத்த முடியாதே" என்கிறாள் பேத்தி.

எனக்கு அப்படித் தோன்றவில்லை. ஏன் என்று சொல்கிறேன்.

உணர்ச்சி உடம்பில் தெரிவதற்கு நம் இலக்கணத்திலேயே பெயர் இருக்கிறது: மெய்ப்பாடு. தொல்காப்பியப் பொருளதிகாரத்தில் அதற்கென்றே ஓர் இயல். என்னிடம் பதினோராம் வகுப்பு படித்தவர்களுக்கு நினைவிருக்கும். மெய்ப்பாடுகள் எட்டு. ஆனால் தொல்காப்பியர் எட்டோடு நிறுத்தவில்லை. ஒவ்வொன்றுக்கும் நான்கு காரணம் சொல்கிறார். சிரிப்பு கேலியாலும் வரும், குழந்தைத்தனத்தாலும் வரும், அறியாமையாலும் வரும், எதையும் நம்பிவிடும் வெகுளித்தனத்தாலும் வரும். அழுகைக்கும் அவமானம், இழப்பு, தளர்ச்சி, வறுமை என்று நான்கு. கண்ணீர் ஒன்றுதான். அது எங்கிருந்து வருகிறது என்பதுதான் கேள்வி. உணர்ச்சி அலை அலையாகத் தெரிந்தாலும் அலைதான் தெரியும், அதன் ஊற்று தெரியாது.

வகுப்பில் திட்டு வாங்கும்போது சில பிள்ளைகள் சிரிப்பார்கள். "திட்டுறேன், சிரிக்கிறியா?" என்று இன்னும் இரண்டு அடி சேர்த்து விழுவதை எத்தனையோ முறை பார்த்திருக்கிறேன். அந்தச் சிரிப்பு திமிர் இல்லை, பயம். நடுங்குகிற உதட்டை அந்தப் பிள்ளைக்கு வேறு எப்படி அடக்குவதென்று தெரியவில்லை. மனுஷக் கண்ணே இப்படித் தடுமாறும்போது இயந்திரக் கண் என்ன செய்யும்?

இயந்திரத்தைப் பற்றி ஏன் பேசுகிறேன் என்றால், இது கதையோடு நிற்கவில்லை. சீனாவின் ஹாங்சோ நகரில் ஒரு பள்ளி வகுப்பறையில் கேமரா வைத்து, 30 விநாடிக்கு ஒருமுறை மாணவர் முகங்களைப் படித்து, மகிழ்ச்சி, சோகம், கோபம் என்று வகை பிரித்ததாக 2018 இல் செய்தி வந்தது. மறு வருடமே, லிசா ஃபெல்ட்மன் பேரட் உள்ளிட்ட 5 அறிஞர்கள் ஆயிரத்துக்கும் மேற்பட்ட ஆய்வுகளை அலசி, முகத்தை மட்டும் வைத்து உள்ளே இருக்கும் உணர்ச்சியை நம்பகமாகச் சொல்ல முடியாது என்று எழுதினார்கள். தொல்காப்பியர் சொன்னதற்குப் பக்கத்தில்தான் அவர்களும் வந்து நிற்கிறார்கள்.

அந்த நாவலிலேயே ஒரு இடம் உண்டு. நெருப்பில் தோன்றும் ஸ்ப்ரென் ஒன்றை இரண்டு அறிஞர்கள் அளக்கிறார்கள். அது சதா உருவம் மாறிக்கொண்டே இருக்கும். அளவைத் தாளில் எழுதியதும் அந்த அளவிலேயே உறைந்துவிடுகிறது! அந்தப் பக்கத்தில் புத்தகத்தை மூடி வைத்துவிட்டுக் கொஞ்ச நேரம் உட்கார்ந்திருந்தேன். 'சோம்பேறி', 'முன்கோபி', 'கவனம் இல்லை' என்று ஒரு பிள்ளையைப் பற்றி ஒருமுறை எழுதிவிட்டால் அடுத்த வகுப்பு ஆசிரியரும் அதே கண்ணாடி வழியாகத்தான் பார்ப்பார். கொஞ்ச நாளில் அந்தப் பிள்ளையும் அதையே நம்பிவிடும். திங்கட்கிழமை காலைப் பசியில் வந்த எரிச்சல் வருடம் முழுக்க அதன் குணமாகிவிடும்.

சட்டமும் இதை யோசித்திருக்கிறது. உண்மை அறியும் கருவி, மூளை அலைகளைப் பதிவு செய்யும் சோதனை போன்றவற்றை ஒருவரின் சம்மதம் இல்லாமல் நடத்தக் கூடாது என்று செல்வி வழக்கில் நம் உச்ச நீதிமன்றம் 2010 இல் தீர்ப்பளித்தது. குற்றம் சாட்டப்பட்டவருக்கே அந்த உரிமை உண்டு என்றால் ஐந்தாம் வகுப்புப் பிள்ளைக்கு இல்லையா? ஐரோப்பிய ஒன்றியத்தில் பள்ளியிலும் வேலையிடத்திலும் உணர்ச்சியைக் கணிக்கும் செயற்கை நுண்ணறிவுக்கு 2025 பிப்ரவரி முதல் தடை இருக்கிறது. மருத்துவத்துக்கும் பாதுகாப்புக்கும் மட்டும் விலக்கு.

"வாய் திறக்காமலே உள்ளுக்குள் வாடும் பிள்ளையைக் கண்டுபிடிக்க உதவுமே" என்று சிலர் கேட்கலாம். நியாயமான கேள்வி. வீட்டில் நடப்பதைச் சொல்ல முடியாமல் தவித்த பிள்ளைகளை நானும் பார்த்திருக்கிறேன். ஆனால் அந்தப் பிள்ளைக்கு வேண்டியது, தான் விரும்பும் நேரத்தில், தான் நம்பும் ஒருவரிடம் சொல்வதற்கு ஓர் இடம். அதன் துக்கத்தை அறுபது பேர் முன்னால் நிறம் காட்டினால் கேலிதான் மிஞ்சும்.

இன்னொன்றையும் பேத்திக்குச் சொன்னேன். மறைப்பது எல்லாம் ஏமாற்று இல்லை. மாதக் கடைசியில் வந்த விருந்தாளிக்கு முகம் சுளிக்காமல் இலை போடுகிறாளே ஒரு அம்மா, அவள் கவலை காலடியில் நெளிந்தால் அந்த விருந்தாளி ஒரு வாய் சாப்பிடுவாரா?

உங்களில் பலர் இன்று ஆசிரியர்கள், சிலர் பள்ளி நடத்துகிறீர்கள். பெற்றோர் பாதிப்பேர். "பிள்ளையின் மனநிலையைக் காட்டும் கருவி" என்று யாராவது விற்க வந்தால், எதை வைத்துச் சொல்கிறது, யார் பார்ப்பார்கள், எத்தனை வருடம் வைத்திருப்பீர்கள், பிள்ளை வேண்டாம் என்றால் விடுவீர்களா என்று நான்கு கேள்வி கேளுங்கள். அந்தப் பணத்தில் ஒரு நல்ல ஆலோசகரை நியமிக்க முடியுமா என்றும் பாருங்கள். மாலையில் பிள்ளை வந்ததும் போனைக் கீழே வைத்துவிட்டு, "ஏன்டா, ஒரு மாதிரி இருக்கே?" என்று கேளுங்கள். பதில் உடனே வராது, பரவாயில்லை, பக்கத்தில் இருங்கள்.

உங்கள் கருத்தையும் எழுதுங்கள். மறுத்துச் சொன்னாலும் மதிப்பெண் குறைக்க மாட்டேன்!