படம் பிடிப்போர் நம் சொல்லையும் கேட்கட்டும்

ஜொகூர் எங்கும் பால்மரம் நின்ற மண்ணில் செம்பனை எழுந்துவிட்டது. நமது சாஆவும் அதற்கு விலக்கன்று. பெரட்டுக் களமும் காண்டா வாளியும் லயத்து வாசலும் மறைந்து வரும் இவ்வேளையில், தோட்ட வாழ்வைப் படம் பிடிக்கக் கேமராவோடு வரும் இளைஞர்களை வரவேற்கிறோம். அவர்களுக்கு ஒரு சொல்லும் கூற விரும்புகிறோம்.

உழைப்பாளியைப் படம் எடுப்பது புதிதன்று. 1934இல் பேசில் ரைட் எடுத்த 'சாங் ஆப் சிலோன்' உலகப் புகழ் பெற்றது. பணம் கொடுத்தது தேயிலைப் பிரசார வாரியம். உரையோ, 1681இல் ராபர்ட் நாக்ஸ் என்ற ஆங்கிலேயர் வெளியிட்ட நூலிலிருந்து எடுத்தது. கொழுந்து பறிக்கும் பெண்ணின் கை திரையில் தெரிந்தது. அவள் கூலியைப் பற்றி அவள் பேச இடமில்லை.

இங்கே 1946இல் மலாயன் பிலிம் யூனிட் தோன்றியது. தகவல் இலாகாவின் படவண்டிகள் கம்பத்துக்கும் தோட்டத்துக்கும் வந்து திரை கட்டின. சர்க்கார் சொல்ல நினைத்தது நமக்கு எட்டியது. நாம் சொல்ல நினைத்தது திரைக்கு எட்டியதா?

இதன் நஷ்டம் சிறிதல்ல. 1942–43இல் 415 கிலோமீட்டர் சயாம் மரண ரயில் பாதைக்கு மலாயாத் தோட்டங்களிலிருந்து பல்லாயிரம் தமிழர் கொண்டு செல்லப்பட்டனர். மீண்டு வந்தோரிலும் பெரும்பாலோர் தம் கதையைப் பதியாமலே கண்மூடினர்.

வேறு வழியும் உண்டு. 2017இல் தமிழ்நாட்டில் திவ்யபாரதி எடுத்த 'கக்கூஸ்' படத்தில் மலம் அள்ளும் தொழிலாளரே தம் வாயால் பேசினர். திரையிடத் தடை வந்தது. படம் யூடியூப் வழியே வீடுகளுக்குச் சென்றது.

ஆகவே படமெடுப்போரே, விடியுமுன் மரத்தடிக்குப் போன வெட்டுக்காரரின் நெற்றி விளக்கை மட்டும் காட்டிப் போகாதீர்கள். மழை பெய்து வெட்டு நின்ற நாளில் அவர் வீட்டு அடுப்பு எப்படி எரிந்தது என்று கேளுங்கள். சம்மதம் பெற்றுப் படமெடுங்கள். முடித்ததும் முதலில் அதே தோட்டத்தில் போட்டுக் காட்டுங்கள். தவறிருந்தால் அவர்களே திருத்துவார்கள்.

கிராணிமாருக்கும் கடமையுண்டு. செக்ரோலில் பெயரும் நாளும் கூலியும் இருக்கும். ஆளின் துயரம் இராது. பழைய நிழற்படங்களைத் தேடி எடுங்கள். அவற்றில் நிற்போர் யாரென்று முதியோரைக் கேட்டு எழுதி வையுங்கள்.

தோழர்களே, எவரோ வருவாரென்று காத்திருக்க வேண்டாம். கைப்பேசி எல்லார் கையிலும் இருக்கிறது. இந்த ஞாயிறன்றே உங்கள் வீட்டுப் பெரியவர் எதிரே உட்கார்ந்து, அவர் முதன்முதல் வெட்டிய நிரையைப் பற்றிக் கேளுங்கள். குறுக்கே பேசாமல் கேளுங்கள்.