அச்சாணியைக் கழற்றினார்கள்!

பிரான்சு நாட்டு அணிக்காக 71 ஆட்டங்கள். போட்ட கோல் ஒன்று கூட இல்லை!

இப்படிப்பட்ட ஒருவரைப் பெரிய ஆட்டக்காரர் என்று சொல்லலாமா? தாராளமாகச் சொல்லலாம். அவர் பெயர் குளோட் மக்கலேலே.

1973-ம் ஆண்டு ஆப்பிரிக்காவில், கின்ஷாசா நகரில் பிறந்தவர் அவர். சிறு வயதிலேயே குடும்பத்துடன் பிரான்சுக்கு வந்தார். அவருடைய தந்தையும் கால்பந்து வீரர்தான். மகன் நான்ட் நகர அணியில் சேர்ந்து, 1995-ல் பிரெஞ்சு லீக் பட்டம் பெற்றார். 2000-ல் ஸ்பெயின் நாட்டின் புகழ் பெற்ற ரியல் மாட்ரிட் அணிக்குப் போனார்.

காவல் வேலை

அங்கே அவருக்குக் காவல் வேலை! தற்காப்பு வீரர்களுக்குச் சற்று முன்னால் நிற்பார். எதிரி எந்த வழியாக வருவான் என்று முன்கூட்டியே அறிந்து, அந்த வழியை அடைப்பார். பந்தைப் பறிப்பார். பக்கத்தில் உள்ள தோழரிடம் கொடுத்து விடுவார். அவ்வளவுதான்.

ஜிடேன், பிகோ, ரவுல் போன்றவர்கள் பின்பக்கக் கவலை இல்லாமல் முன்னேறினார்கள். 2001, 2003 ஆகிய ஆண்டுகளில் ஸ்பெயின் லீக் பட்டம் கிடைத்தது. 2002-ல் ஐரோப்பிய சாம்பியன் கோப்பையும் கிடைத்தது. படங்கள் கோல் போட்டவர்களுக்கு, ஓட்டம் மக்கலேலேக்கு!

சம்பளம் கேட்டார்

நட்சத்திர வீரர்களைவிட மிகக் குறைந்த சம்பளமே அவருக்குத் தரப்பட்டது. 2003-ல் உயர்த்திக் கேட்டார். மறுத்து விட்டார்கள். அதே ஆண்டில் பெரும் பணம் கொடுத்து பெக்காமை வாங்கினார்கள். மக்கலேலே லண்டன் நகரின் செல்சி அணிக்குப் போய்விட்டார்.

“அச்சாணி இல்லாத தேர் முச்சாணும் ஓடாது” என்பது பழமொழி. அடுத்த மூன்று பருவங்களில் ரியல் மாட்ரிட்டுக்கு லீக் பட்டமும் இல்லை. ஐரோப்பியக் கோப்பையும் இல்லை. அதே ஆண்டில் பயிற்சியாளரையும் மாற்றினார்கள். ஆகவே எல்லாவற்றுக்கும் ஒரே காரணம் சொல்வது நியாயம் ஆகாது.

ஆனால், செல்சியின் கதையைப் பாருங்கள். 2004-05 பருவத்தில் 38 ஆட்டங்கள். வாங்கிய கோல்கள் 15 மட்டுமே! 50 ஆண்டுகளுக்குப் பிறகு லீக் பட்டம் வந்தது.

கோப்பையைப் பெற்ற நாளில், கடைசி நிமிடத்தில் ஒரு பெனால்டி கிடைத்தது. அதை மக்கலேலேக்கே விட்டுக் கொடுத்தார்கள். அவர் உதைத்ததை கோல் காவலர் தடுத்தார். திரும்பி வந்த பந்தை மீண்டும் உதைத்தார். கோல்! செல்சிக்காக அவர் போட்ட முதல் கோல் அது. அவருடைய அருமை தோழர்களுக்குத் தெரிந்திருந்தது.

நியாயமான கூலி

2006 உலகக் கோப்பையில் பிரான்சு இறுதி ஆட்டம் வரை வந்தபோதும் அவர் காவல் நின்றார். 2011-ல் ஓய்வு பெற்றார். அந்த இடத்தில் ஆடுவதை “மக்கலேலே வேலை” என்றே கால்பந்து உலகம் இன்று சொல்கிறது.

கோல் போடுகிறவரைப் பார்க்கத்தான் கூட்டம் வருகிறது என்பார்கள். உண்மைதான். அவருக்குக் கூடுதலாகவே கொடுக்கட்டும். ஆனால், கோல் விழாமல் காத்தவர் நியாயமான கூலி கேட்டால், அதைப் பேராசை என்று தள்ளக் கூடாது. கணக்குப் பார்க்கிறவர்கள், போட்ட கோலை மட்டும் எண்ணினால் போதாது. விழாமல் போன கோலையும் எண்ண வேண்டும்.