சிரிக்கவும் தமிழ் வேண்டும்

நம் சங்க விழாக்களில் குழந்தைகள் திருக்குறள் ஒப்பிக்கிறார்கள். நாமும் மகிழ்ந்து கை தட்டுகிறோம். ஆனால் சில பிள்ளைகளின் கையிலுள்ள தாளில் குறள் தெலுங்கு எழுத்தில் எழுதப்பட்டிருப்பதைப் பார்க்கிறேன். பொருள் கேட்டால் விழிக்கிறார்கள். பொருள் தெரியாமலும் ஒப்பித்துவிடலாம். பொருள் தெரியாமல் சிரிக்க முடியுமா? இதை நினைக்கும்போதெல்லாம் எனக்குக் கிரேஸி மோகன் நினைவுக்கு வருகிறார்.

1952-இல் பிறந்த மோகன், கிண்டி பொறியியல் கல்லூரியில் படித்தவர். 1976-இல் எஸ்.வி. சேகருக்காக எழுதிய 'கிரேஸி தீவ்ஸ் இன் பாலவாக்கம்' நாடகம்தான் அவர் பெயருக்கு முன்னால் 'கிரேஸி'யைச் சேர்த்தது. 1979-இல் சொந்த நாடகக் குழு தொடங்கினார். 1983-இல் கே. பாலசந்தரின் 'பொய்க்கால் குதிரை' மூலம் சினிமாவுக்கு வந்தார். 'மைக்கேல் மதன காம ராஜன்' (1990), 'அவ்வை சண்முகி' (1996) என்று கமல்ஹாசனுடன் தொடர்ந்தார். தொலைக்காட்சித் தொடர்களும் எழுதினார். வெண்பாவும் எழுதுவார். 2019 ஜூன் 10-ஆம் நாள் காலமானார்.

அவருடைய நகைச்சுவை பெரும்பாலும் சொல்லில் இருக்கிறது. அவர் நாடகங்களின் கதாநாயகன் பெயர் மாது. ஆணுக்கு அப்படியொரு பெயரா என்று புன்னகைக்கவே தமிழ் தெரிந்திருக்க வேண்டும்! அவர் வசனம் எழுதிய 'பஞ்சதந்திரம்' (2002) படத்தில் தெலுங்கு, கன்னடம், மலையாளம் பேசும் நண்பர்கள் வருகிறார்கள். ரெட்டி தெலுங்கு வாடையோடு பேசும் தமிழ்தான் அங்கே வேடிக்கை. சித்தூர்க்காரர்களுக்கு இதை விளக்க வேண்டுமா? மூன்று மாநிலங்களும் கூடும் நம் மாவட்டத்தில் தினமும் கேட்கும் பேச்சல்லவா! அதே படம் தெலுங்கில் 'டப்பிங்' ஆனபோது எல்லோருமே தெலுங்கு பேசினார்கள். அந்த வாடைக்கு ஏது இடம்? கதை வந்து சேர்ந்தது. பாதிச் சிரிப்பு எல்லையிலேயே நின்றுவிட்டது.

திருப்பதியில் வளரும் நம் பிள்ளைகள் பலர் இப்படங்களைத் தெலுங்கில்தான் பார்க்கிறார்கள். தெலுங்கின் மீது எனக்குக் குறையில்லை. நமக்குச் சோறு போடும் மண்ணின் மொழி அது. நன்றாகவே படிக்கட்டும். ஆனால் தாத்தா சிரிக்கும் இடத்தில் பேரன் "எதுக்கு சிரிக்கிறீங்க?" என்று கேட்டால், ஒரே வீட்டில் இருவரும் தனித்தனியாகிவிட்டார்கள் என்றுதானே பொருள்?

"சிரிப்பு நாடகத்தால் மொழி வளருமா?" என்று பெரியவர்கள் கேட்கலாம். வளரும் என்பதே என் கருத்து. வசனத்தின் இரண்டு பொருளும் புரிந்தால்தான் எந்தச் சொல்லில் நிறுத்துவது, எதை அழுத்துவது என்று நடிக்கிற பிள்ளைக்குத் தெரியும். குறள் ஒப்பித்தல் இருக்கட்டும். அதோடு, உரிய அனுமதி பெற்று, அடுத்த ஆண்டு விழாவில் மோகனின் நாடகம் ஒன்றை நம் பிள்ளைகளே நடிக்க ஏற்பாடு செய்ய வேண்டுகிறேன். வசனங்களைத் தமிழ் எழுத்திலேயே கொடுப்போம். ஒத்திகைக்கு ஞாயிற்றுக்கிழமைகளில் இரண்டு மணி நேரம் ஒதுக்கப் பெற்றோர்கள் முன்வர வேண்டும்.